ஹோனர் ஸ்பெஷல் 20, சி ஸ்கேல் மௌத் ஆர்கன்: ஒன்றரை வருடம் வாசித்த பிறகு

கடையில் போய் “மௌத் ஆர்கன் ஒண்ணு கொடுங்க” என்று மட்டும் கேட்காதீர்கள். எந்த ஸ்கேல், அதாவது எந்த உயரத்தில் ச வைத்துத் தொடங்கும் ஸ்வர வரிசை, என்று சேர்த்துக் கேளுங்கள். நான் முதல் தடவை கேட்காமல் வாங்கினேன், “இதுல எல்லா ஸ்கேலும் வரும் சார்” என்று கடைக்காரர் சொன்னார், நம்பிவிட்டேன். அப்படி ஒன்றும் வராது. இரண்டு வரிசை ஓட்டையுடன் நீளமாக இருக்கும் அந்த ட்ரெமலோ வகையும் சரி, நான் இங்கே எழுதப்போகிற பத்து ஓட்டை வகையும் சரி, ஒரு பெட்டிக்கு ஒரு ஸ்கேல்தான். மேல் மூடியில் ஓரமாக ஓர் எழுத்து பொறித்திருக்கும். ஸ்பெஷல் 20 வாங்கும்போது அந்த எழுத்தைப் பார்த்துத்தான் வாங்கினேன். சி.

வாத்தியத்தைப் பற்றி முதலில். ஹோனர் ஜெர்மனிக்காரர்கள், 1857-இல் ட்ரோஸிங்கன் என்ற ஊரில் தொடங்கிய கம்பெனி. ஸ்பெஷல் 20-இல் பத்து ஓட்டை, ஒவ்வொன்றிலும் ஊதினால் ஒரு ஸ்வரம், உறிஞ்சினால் இன்னொரு ஸ்வரம், ஆக மொத்தம் 20 ரீடு, காற்றில் அதிர்ந்து ஒலிக்கிற சின்ன உலோக நாக்குகள். நடுச்சட்டம் பிளாஸ்டிக். மரச்சட்டம் இருந்தால் தொனி நன்றாக இருக்கும் என்று சண்டை போடுகிறவர்கள் உண்டு, எனக்கு அந்த வித்தியாசம் காதில் விழவில்லை. ஆனால் எச்சில் ஈரத்தில் மரம் ஊறி உப்புகிற தொல்லை இதில் இல்லை, கடலோர ஊரில் இருக்கிற எனக்கு அது போதும். ரீடு தகடு சட்டத்துக்குள்ளே பதிந்திருப்பதால் உதட்டில் உலோக விளிம்பு உரசாது. ஒருமணி நேரம் வாசித்தாலும் வாய் எரியவில்லை. காற்றும் வீணாகப் போவதில்லை, மெல்ல ஊதினாலே பேசுகிறது. விலை கடைக்குக் கடை மாறுவதால் எண் போடவில்லை, சாதாரணமாகத் திருவிழாக் கடையில் கிடைப்பதைவிடப் பல மடங்கு என்று மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

சரி, இதையெல்லாம் எந்த விளம்பரத்திலும் படிக்கலாம். நான் எழுத வந்தது வேறு விஷயம். மேஜர் ஸ்கேல் என்றால் என்ன, ஒரு ஸ்கேலுக்கும் இன்னொரு ஸ்கேலுக்கும் என்ன உறவு என்பது ஒரு வருடம் கீபோர்டு வகுப்புக்குப் போயும் எனக்குள் இறங்கவில்லை. வகுப்பில் “முழு, முழு, அரை, முழு, முழு, முழு, அரை” என்று ஒப்பிக்க வைத்தார்கள், ஒப்பித்தேன் (கறுப்பு வெள்ளை இரண்டையும் எண்ணினால், அடுத்த கட்டைக்குப் போவது அரை, ஒன்றை விட்டுப் போவது முழு). இந்தச் சின்னப் பெட்டி அதை மூச்சிலேயே கற்றுக்கொடுத்தது.

நாலாவது ஓட்டையில் ஆரம்பியுங்கள். ஊதினால் ச, உறிஞ்சினால் ரி. ஐந்தில் ஊதினால் க, உறிஞ்சினால் ம. ஆறில் ப, த. ஏழில் மட்டும் தலைகீழ்: உறிஞ்சினால் நி, ஊதினால் மேல் ச. அதாவது ஊது, உறிஞ்சு, ஊது, உறிஞ்சு, ஊது, உறிஞ்சு, உறிஞ்சு, ஊது. இந்த வரிசை வாய்க்குப் பழகிவிட்டால், ஜி பெட்டியை எடுத்தாலும் டி பெட்டியை எடுத்தாலும் ஏ பெட்டியை எடுத்தாலும் இதே மூச்சு, இதே ஓட்டை, அதே மேஜர் ஸ்கேல்தான் வரும், உயரம் மட்டும் மாறும். கீபோர்டில் ஒவ்வொரு ஸ்கேலுக்கும் விரல் வேறு, கறுப்பு வெள்ளை வேறு. அதனால் பன்னிரண்டும் பன்னிரண்டு தனிப் பாடம் மாதிரி எனக்குப் பட்டது. ஒரே வடிவத்தைத்தான் பன்னிரண்டு இடத்தில் தூக்கி வைத்திருக்கிறார்கள் என்பது இதை வாசித்த பிறகுதான் புரிந்தது.

பாடுகிறவர்கள் சுருதியின் உயரத்தைக் கட்டை என்று எண்ணுவார்கள், அந்தக் கணக்கில் சி என்பது ஒரு கட்டை. டி இரண்டு, இ மூன்று, எஃப் நாலு, ஜி ஐந்து, ஏ ஆறு, பி ஏழு. நடுவில் இருக்கிற கறுப்புக் கட்டைகள் ஒன்றரை, இரண்டரை, நாலரை, ஐந்தரை, ஆறரை. மூன்றரைக் கட்டை என்று யாராவது சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா? ஏழரைக் கட்டை என்பதும் திட்டுவதற்குத்தான் இருக்கிறது, ஹார்மோனியத்தில் தேடினால் கிடைக்காது. ஏனென்றால் மூன்றுக்கும் நாலுக்கும் நடுவில் கறுப்புக் கட்டை இல்லை, ஏழுக்கும் அடுத்த ஒன்றுக்கும் நடுவிலும் இல்லை. மேஜர் ஸ்கேல் என்பதே அந்தக் குறுகிய இடைவெளி இரண்டும் எங்கே விழுகிறது என்பதுதான். க-வுக்கும் ம-வுக்கும் நடுவில் ஒன்று, நி-க்கும் மேல் ச-வுக்கும் நடுவில் ஒன்று. நம் கணக்கில் 29-ஆவது மேளம், அதாவது தாய் ராகம், சங்கராபரணம்.

இன்னொன்றும் கவனியுங்கள். ச ரி க ம ஒரு துண்டு, ப த நி ச இன்னொரு துண்டு. இரண்டிலும் முழு, முழு, அரை. இரண்டும் ஒரே அச்சில் வார்த்தவை, நடுவில் ஒரு முழு இடைவெளி விட்டு அடுக்கியிருக்கிறார்கள். இதை மனதில் வைத்துக்கொண்டு அடுத்ததைப் படியுங்கள்.

அக்கா பெண் பாட்டு கற்றுக்கொள்கிறாள், அப்போது அவளுக்கு 11 வயது, சுருதி ஐந்து கட்டை. நவராத்திரிக்கு அக்கா வீட்டுக் கொலுவில் அவள் ஒரு நோட்டுஸ்வரம் பாட, நான் கூட வாசிப்பதாக ஏற்பாடு. நோட்டுஸ்வரம் என்றால் முத்துசுவாமி தீட்சிதர் மேற்கத்திய மெட்டுகளைக் கேட்டு அவற்றுக்கு சமஸ்கிருதத்தில் சாகித்தியம் அமைத்தவை, எல்லாம் சங்கராபரணத்தில் இருக்கும், மேஜர் ஸ்கேல் வாத்தியத்துக்குச் சொல்லி வைத்த மாதிரி பொருந்தும். ஒரு கட்டையில் வாசித்துப் பழகியிருந்தேன். அவளுக்கு அது மிகவும் கீழே இருந்தது. ஐந்து கட்டைக்குப் போக வேண்டும், என்னிடம் இருப்பதோ சி பெட்டி. அதில் ஜி ஸ்வரம் இருக்கிறதே, ஆறாவது ஓட்டையில் ஊதினால் வருகிறதே, அங்கிருந்து ஆரம்பித்தால் ஆயிற்று என்று நினைத்தேன். முதல் வரி நன்றாகவே போயிற்று. நிஷாதம் வந்த இடத்தில் அவள் நிறுத்திவிட்டாள்.

“மாமா, நி இடிக்குது. நான் காகலி பாடறேன், நீங்க கைசிகி வாசிக்கறீங்க.”

அவள் சொன்னது அப்படியே சரி. ஜி-யை ச என்று வைத்துக்கொண்டால், ச ரி க ம ப த வரைக்கும் ஜி, ஏ, பி, சி, டி, இ. ஆறும் என் பெட்டியில் இருக்கின்றன, ஆறும் சரியான இடத்தில். ஏழாவதுக்கு எஃப் ஷார்ப் வேண்டும், அதாவது எஃப்-ஐவிட அரை ஸ்வரம் மேலே இருக்கும் நாலரைக் கட்டை. என்னிடம் எஃப்தான் இருக்கிறது. அரை ஸ்வரம் கீழே. சங்கராபரணத்துக்கு வேண்டிய காகலி நிஷாதம், அதாவது உயர்ந்த நி, இல்லை, தாழ்ந்த நி-யான கைசிகி நிஷாதம் இருக்கிறது. சங்கராபரணத்தில் கைசிகியைப் போட்டால் அது 28-ஆவது மேளம், ஹரிகாம்போதி. நான் அவளுக்கு வேறு ராகத்தில் கூட வாசித்துக்கொண்டிருந்திருக்கிறேன். அன்றைக்கு அவள் தனியாகத்தான் பாடினாள்.

தீபாவளி கழிந்து ஜி பெட்டி ஒன்று வாங்கினேன். இரண்டையும் பக்கத்தில் வைத்து ஒவ்வொரு ஸ்வரமாகத் தாளில் எழுதிப் பார்த்தேன். இந்த வாத்தியம் வாங்கும் எல்லாரும் ஒரு தடவையாவது இதைச் செய்ய வேண்டும் என்று வற்புறுத்துவேன். சி பெட்டியின் இரண்டாவது துண்டு, ப த நி ச, அதாவது ஜி ஏ பி சி, அப்படியே ஜி பெட்டியின் முதல் துண்டாக, ச ரி க ம-வாக உட்கார்ந்திருக்கிறது. அதனால்தான் ஒன்று பாக்கி எல்லாம் பொது. மாறுவது ஒன்றே ஒன்று: பழைய ஸ்கேலின் ம அரை ஸ்வரம் உயர்ந்து, புது ஸ்கேலின் நி ஆகிறது. ஜி-யிலிருந்து அதன் ப-வுக்கு, அதாவது டி-க்குப் போனால் இன்னொன்று மாறும், சி இருந்த இடத்தில் சி ஷார்ப். டி-யிலிருந்து ஏ. மறுபடி ஒன்று, ஜி ஷார்ப். ஒவ்வொரு அடிக்கும் ஒரு ஷார்ப் கூடுகிறது, அதுவும் எப்போதும் பழைய ம-வேதான். எதிர்த் திசையில் போனால், ச-விலிருந்து ம-வுக்கு, சி-யிலிருந்து எஃப்-க்கு, பழைய நி அரை ஸ்வரம் இறங்கிப் புது ம ஆகிறது. பி இருந்த இடத்தில் பி பிளாட்.

கட்டைக் கணக்கில் எழுதினால் இப்படி வரும்: ஒன்று, ஐந்து, இரண்டு, ஆறு, மூன்று, ஏழு, நாலரை, ஒன்றரை, ஐந்தரை, இரண்டரை, ஆறரை, நாலு, மறுபடி ஒன்று. பன்னிரண்டு அடியில் பன்னிரண்டு ஸ்கேலையும் தொட்டுவிட்டு வீட்டுக்கு வந்துவிடுகிறோம். வகுப்பில் சுவரில் ஒரு வட்டப் படம் மாட்டியிருந்தார்கள், ஐந்தாம் ஸ்வர வட்டம் என்று. வருடம் முழுக்க அதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன், அதில் பக்கத்தில் இருக்கிறவை உறவு, எதிரே இருக்கிறவை அந்நியம் என்று யாரும் சொல்லவில்லை. சி-க்கு நேர் எதிரே நிற்பது எஃப் ஷார்ப். இரண்டுக்கும் பொதுவாக இருப்பது இரண்டே ஸ்வரம், பி-யும் எஃப்-ம்.

கீபோர்டில் டிரான்ஸ்போஸ் பட்டன் இருக்கிறதே, அதை அமுக்கினால் தீர்ந்ததே என்று கேட்பவர்களுக்கு: மேடையில் அவசரத்துக்கு அது பெரிய உதவி, மறுக்கவில்லை. ஆனால் விரல் எப்போதும் சி-யிலேயே இருக்கும், சத்தம் மட்டும் நகரும். நாலு வருடம் வாசித்தாலும் எஃப் ஷார்ப் எங்கே எதற்காக வருகிறது என்று தெரிய வேண்டிய அவசியமே வராது. இந்தப் பெட்டியில் அந்த வசதி இல்லை, இல்லாததால்தான் கற்றுக்கொண்டேன்.

இன்னொரு பக்கம் பார்த்தால், அன்று கொலுவில் நான் தவறு என்று நினைத்தது வீண் இல்லை. மௌத் ஆர்கன்காரர்கள் சி பெட்டியில் ஜி-யை ஆதாரமாக வைத்து வாசிப்பதை இரண்டாம் பொசிஷன் என்கிறார்கள், ப்ளூஸ் வாசிப்பவர்களில் பெரும்பாலோர் அதில்தான் வாசிக்கிறார்கள். மூன்றாம் பொசிஷன் டி, நாலாவது ஏ, ஐந்தாவது இ. இந்த வரிசை அதே வட்டம். நம்மவர்களுக்கு இது கிரகபேதம். சங்கராபரணத்தின் ரி-யை ச ஆக்கினால் கரகரப்ரியா, க-வை ஆக்கினால் தோடி, ம-வை ஆக்கினால் கல்யாணி, ப-வில் ஹரிகாம்போதி, த-வில் நடபைரவி. நி-யில் மட்டும் மேளம் கிடைக்காது, அங்கே பஞ்சமம் சரியாக விழாது. ஆக ஒரு சி பெட்டியை வைத்துக்கொண்டு ஒரு கட்டையில் சங்கராபரணம், இரண்டு கட்டையில் கரகரப்ரியா, மூன்றில் தோடி, நாலில் கல்யாணி, ஐந்தில் ஹரிகாம்போதி, ஆறில் நடபைரவி. தோடியை கமகம் இல்லாமல், அதாவது ஸ்வரத்தை அசைக்காமல் வாசித்தால் அது தோடியே இல்லை என்று பாடுகிறவர்கள் சொல்வார்கள், அவர்கள் சொல்வது நியாயம், நான் ஸ்வரஸ்தானத்தை மட்டும் சொல்கிறேன். மேற்கே அந்த ஆறாம் கட்டையில் இருப்பதைத்தான் ஏ மைனர் என்கிறார்கள். சி மேஜரும் ஏ மைனரும் உறவு என்று புத்தகத்தில் போட்டிருப்பது இதுதான், ஸ்வரங்கள் அதே ஏழு, ச என்று எதைப் பிடிக்கிறோம் என்பது மட்டும் வேறு.

மோகனத்தை வாசித்துப் பார்த்தபோது எனக்கு உண்மையிலேயே சந்தோஷமாக இருந்தது. ச ரி க ப த, ஐந்தே ஸ்வரம். ஒரு ஸ்கேலிலிருந்து அடுத்ததுக்குப் போகும்போது தகராறு செய்வது ம-வும் நி-யும்தானே, மோகனத்தில் இரண்டும் இல்லை. அதனால் ஒரே சி பெட்டியில் ஒரு கட்டை மோகனம் வரும், நாலு கட்டை மோகனம் வரும், ஐந்து கட்டை மோகனமும் வரும். ஐந்து கட்டைக்கு ஆறாவது ஓட்டையிலிருந்து: ஆறு ஊது, ஆறு உறிஞ்சு, ஏழு உறிஞ்சு, எட்டு உறிஞ்சு, எட்டு ஊது, ஒன்பது ஊது. என் அக்கா பெண்ணோடு சேர்ந்து இடறாமல் முதலில் வாசித்தது மோகனத்தில் ஒரு வர்ணத்தின் பல்லவி, சி பெட்டியில்தான்.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். கீழ் ஸ்தாயி முழுமையாக இருக்காது. ஒன்று முதல் மூன்று வரை உள்ள ஓட்டைகளில் ம-வும் த-வும் கிடையாது. இது இந்தப் பெட்டியின் பழுது இல்லை, ரிக்டர் அமைப்பு என்று சொல்லப்படும் பத்து ஓட்டை வகை எல்லாமே இப்படித்தான். கீழே மூன்று ஓட்டையைச் சேர்த்து ஊதினால் சி மேஜர் கார்டு (சில ஸ்வரங்கள் ஒன்றாக ஒலிப்பதுதான் கார்டு), நாலைச் சேர்த்து உறிஞ்சினால் ஜி மேஜர் கார்டு, அதாவது ச-வின் கார்டும் ப-வின் கார்டும் தயாராக இருக்க வேண்டும் என்பதற்காக அந்த இரண்டு ஸ்வரத்தையும் விட்டிருக்கிறார்கள். ஸ்கேலுக்கு மிக நெருங்கிய உறவு எது என்று அந்த அமைப்பே சொல்கிறது பாருங்கள். விட்டுப்போன ஸ்வரங்களை உறிஞ்சும்போது நாக்கின் பின்பகுதியை இறக்கி வளைத்து எடுக்கலாம். இரண்டாவது ஓட்டையில் எஃப் ஷார்ப்பும் எஃப்-ம், மூன்றாவதில் ஏ-யும் வரும். எனக்கு இரண்டாவது ஓட்டை ஏழு மாதம் ஆனது, மூன்றாவதில் ஏ இன்னும் நிலையாக நிற்கவில்லை. ஆரம்பிப்பவர்கள் நாலாம் ஓட்டைக்கு மேலேயே ஆறு மாதம் இருக்கலாம்.

சுருதிப் பெட்டியோடு வாசிப்பவர்களுக்கு ஒன்று. இது ஏ 440 (ஏ ஸ்வரத்துக்கு நொடிக்கு 440 அதிர்வு) என்ற அளவைவிடக் கொஞ்சம் கூட்டித்தான் தொழிற்சாலையிலேயே சேர்க்கப்படுகிறது. மின்சுருதிப் பெட்டியை ஒரு கட்டை என்று வைத்துவிட்டு வாசித்தால் நமநமவென்று இருக்கும். சுருதிப் பெட்டியின் நுண் திருகைக் கொஞ்சம் மேலே ஏற்றிக்கொள்ளுங்கள், சேர்ந்துவிடும். இன்னொன்று, கார்டுகள் இனிமையாக ஒலிக்க வேண்டும் என்று ஸ்வரங்களைக் கீபோர்டு மாதிரி சரிசமமாகப் பிரிக்காமல், இயற்கைச் சுருதிக்கும் சம அளவுக்கும் நடுவில் ஒரு சமரசம் செய்திருக்கிறார்கள். தம்புராவின் ப சுத்தமான பஞ்சமம். அப்படிச் சுத்தமான பஞ்சமமாகவே பன்னிரண்டு அடி ஏறினால் நான் மேலே சொன்ன வட்டம் மூடாது, அரை ஸ்வரத்தில் ஏறத்தாழ கால் பங்கு தாண்டிப் போய் நிற்கும். கீபோர்டில் ஒவ்வொரு பஞ்சமத்திலும் ஒரு துளி குறைத்துத்தான் வட்டத்தை மூடியிருக்கிறார்கள். இந்தப் பெட்டிக்கு வட்டத்தை மூட வேண்டிய பொறுப்பு இல்லை, ஒரு ஸ்கேலில் வாழ்கிறது, அதனால் அதன் கார்டு கீபோர்டைவிட அமைதியாக நிற்கிறது. தம்புராவுக்குப் பழகிய காதுக்கு இது பிடிக்கும்.

பராமரிப்பு அதிகம் இல்லை. சாப்பிட்ட உடனே வாசிக்காதீர்கள், வாயைக் கொப்பளித்துவிட்டு எடுங்கள், முடிந்ததும் ஓட்டைகள் கீழே பார்க்க உள்ளங்கையில் நாலு தட்டு. மூடியைத் திருகு கழற்றித் திறக்க முடிகிறது.

சினிமாப் பாட்டுக்காக வாங்குகிறவர்கள் நிறைய பேர் இருப்பீர்கள். பல்லவி ஒரு ஸ்கேலில் இருந்து சரணத்தில் வேறு ஸ்வரம் தொட்டுப் போகிற பாட்டு என்றால் இதில் தவித்துப்போவீர்கள். பக்கவாட்டில் பட்டன் வைத்த குரோமாட்டிக் வகை வாங்குங்கள், பட்டனை அமுக்கினால் ஒவ்வொரு ஸ்வரமும் அரை ஏறும், பன்னிரண்டும் கிடைக்கும். விலையும் கூட, மூச்சும் கூட வேண்டும். யாரோ ஒருவர் பாட அவருக்குக் கூட வாசிக்க வேண்டும், அல்லது ஸ்கேல் என்றால் என்ன என்று காதால் தெரிந்துகொள்ள வேண்டும் என்றால் ஸ்பெஷல் 20 வாங்குங்கள். முதல் பெட்டி சி. இரண்டாவது, பாடுகிறவரின் கட்டை எதுவோ அது. ஹரிகாம்போதி, காம்போதி மாதிரி கைசிகி நிஷாதம் வேண்டியவற்றுக்கு அவருடைய ம எந்தக் கட்டையில் விழுகிறதோ அந்தப் பெட்டி, ஐந்து கட்டைக்காரருக்கு சி, ஆறு கட்டைக்காரருக்கு டி. கரகரப்ரியாவுக்கு ஆதாரத்திலிருந்து ஒரு முழு ஸ்வரம் கீழே, ஐந்து கட்டைக்கு எஃப். மிக உயர்ந்த ஸ்கேல் பெட்டிகள், எஃப்-ம் எஃப் ஷார்ப்பும், மேல் ஓட்டைகளில் காதைத் துளைக்கும், வழக்கமான பெட்டிகளில் ஜி-தான் தாழ்ந்து கனமாக இருக்கும். என் கையில் ஜி-தான் அதிகம் தங்குகிறது.

இந்தத் தை மாதம் அவளுடைய பாட்டு டீச்சர் சுருதியை ஐந்திலிருந்து ஐந்தரை ஆக்கிவிட்டார். அரைக் கட்டைதானே ஏறியிருக்கிறது, இருப்பதை வைத்துச் சமாளிக்கலாம் என்று அக்கா சொன்னாள். நான் தாளை எடுத்து எழுதிக் காட்டினேன். ஐந்தரைக் கட்டை என்றால் ஏ பிளாட்: ஏ பிளாட், பி பிளாட், சி, டி பிளாட், இ பிளாட், எஃப், ஜி. என் ஜி பெட்டியோடு ஒப்பிட்டால் பொதுவாக இருப்பது சி-யும் ஜி-யும் மட்டும். ஹார்மோனியத்தில் பக்கத்துக் கட்டை, வட்டத்தில் ஐந்து அடி தள்ளி. உள்ளூர்க் கடைகளில் ஏ பிளாட் இருப்பில் இல்லை, ஆர்டர் கொடுத்திருக்கிறேன், வர மூன்று வாரம் ஆகுமாம். அதுவரை அவள் எனக்காக ஐந்து கட்டையிலேயே பாடுகிறேன் என்கிறாள், டீச்சருக்குத் தெரியாமல்.